நினைவுண்ணி

(சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



ஆவின் காதுமடலைப் புரட்டிப் பார்த்த உழவர் எவரும் உண்ணியை அறிவர். எள்ளளவாய் வந்து ஒட்டும் அச் சிற்றுயிர், சில நாளில் ஆமணக்கு முத்தளவாய்ப் பருத்துத் தொங்கும். அது வந்து ஒட்டிய நொடியை ஆ அறியாது; தன் குருதி குறைந்து வருவதையும் அறியாது. கரணியம் என்ன? உண்ணி தன் வாயுறுப்பைத் தோலுக்குள் செலுத்தும்பொழுதே தன் உமிழ்நீரையும் உடன் செலுத்துகின்றது. அவ்வுமிழ்நீர் குருதியை உறையவிடாது. கடிவாயில் நோவும் தினவும் தோன்றாதவாறு உணர்வை மழுக்கிவிடும். உண்பது அதன் வாழ்க்கை. உண்ணப்படுவது தெரியாமற் செய்வது அதன் சூழ்ச்சி.

உழுது உண்பாரும் உண்டு. தேடி உண்பாரும் உண்டு. உண்ணிக்கோ உண்பதன்றி வேறு தொழிலில்லை. ஆகலின் அதற்கு 'உண்ணி' என்றே பெயரிட்டனர் முன்னையோர். பிறிதோர் உயிரின்மேல் ஒட்டி வாழ்வன யாவற்றையும் இற்றை அறிவியல் தமிழ் 'ஒட்டுண்ணி' என்கின்றது. அதற்கு இடங்கொடுத்து உணவாகும் உயிரை 'ஓம்புயிர்' என்கின்றது. இவ்விரு சொற்களையும் உளத்திற் கொண்டு ஒரு வினாவை எழுப்பிப் பார்க்கலாம். குருதியை விட்டு நினைவை உண்ணும் ஓர் உண்ணி இருக்குமாயின், மாந்தன் என்னாவான்?

குருதி குறைந்தால் உடல் மெலியும்; மெலிவைக் கண்டு பிறரேனும் சொல்வர். நினைவு குறைந்தால், குறைந்தது இன்னதென்று சொல்வதற்கும் நினைவே வேண்டும்! களவு போன பொருளின் பட்டியலும் அப்பொருளோடு களவு போயிற்றென்றால், எதைச் சொல்லி முறையிடுவது? நினைவுண்ணி என்னும் புனைவு பல நாட்டாரையும் அச்சுறுத்தியதற்குக் கரணியம் இதுவே.

அத்தகைய உயிரி எங்கும் இல்லை. அதனை முதற்கண் தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். ஆயினும் இல்லாத ஒன்றை மாந்தர் ஏன் புனைந்தனர், அப்புனைவால் விளைந்த நன்மை எது, கேடு எது என்பன எண்ணத் தக்கவை.

பல நாட்டுப் புனைவுகள்

சப்பானியர் கதைகளில் 'பக்கு' என்றோர் உயிரி உண்டு. யானையின் துதிக்கையும் எருதின் வாலும் புலியின் கால்களும் உடையதாக அதனை வரைவர். சீனத்துப் பழங்கதைகளினின்று அது சப்பானுக்குச் சென்றது. அதன் உணவு, உறங்குவோர் காணும் தீய கனவு. கெட்ட கனவு கண்டு விழித்த குழந்தை, அக்கனவைத் தின்ன வருமாறு பக்கை மும்முறை அழைக்கும். அழைப்பை ஏற்று வந்து உண்டு செல்லும் அவ்வுயிரி மாந்தர்க்குத் துணைவன். ஆனால் அதன் பசி தீராவிடின் நல்ல விருப்பங்களையும் சேர்த்தே தின்றுவிடும் எனச் சொல்வாரும் உண்டு. தீயதைத் தின்பதற்கென்று அழைத்த வாய், நல்லதையும் தின்னாது என்பதற்கு உறுதி இல்லை என்பதை அக்கதை கட்டியோரே உணர்ந்திருந்தனர் போலும்.

கிரேக்கர் 'இலேத்தே' என்றோர் ஆற்றைப் புனைந்தனர். இறந்தோர் அதன் நீரைப் பருகியவுடன் வாழ்ந்த வாழ்வை மறப்பர். சீனர், மறுபிறவிக்குச் செல்வோர்க்கு மறதிச் சாறு வார்க்கும் மெங்கு என்னும் மூதாட்டியைப் புனைந்தனர். இவை யாவும் இறப்புக்குப் பின் நிகழும் மறதி. வாழும்பொழுதே உள்ளிருந்து உண்ணும் உயிரியை விரிவாகப் புனைந்து காட்டியவர் இருபதாம் நூற்றாண்டின் ஆங்கில எழுத்தாளர் ஒருவர்.

1967-இல் வந்த புதினம்

அவர் காலின் வில்சன் (1931–2013). இங்கிலாந்தின் இலெசுட்டர் நகரில் பிறந்தவர். 1956-இல் வெளிவந்த 'அயலான்' என்னும் நூலால் இருபத்து நான்காம் அகவையிலேயே பெயர் பெற்றவர். அச்சக்கதைகள் எழுதிய அமெரிக்கர் இலவ்கிராபுட்டு (1890–1937) என்பாரை அவர் 1962-ஆம் ஆண்டு நூலொன்றில் கடுமையாகக் குறை கூறியிருந்தார். இலவ்கிராபுட்டின் நூல்களை வெளியிட்டு வந்த ஆகசுட்டு தெர்லெத்து, அங்ஙனமாயின் அவ்வகையில் ஒரு கதை எழுதிக் காட்டுமாறு வில்சனை அறைகூவினார். அதன் விளைவாக 1967-இல் வெளிவந்ததே 'உள்ளத்து ஒட்டுண்ணிகள்' என்னும் பொருள்படும் ஆங்கிலப் புதினம்.

கதை இது. கில்பர்ட்டு ஆசுட்டின் என்பவர் தொல்லியல் அறிஞர். அவருடைய நண்பர், உளநூல் வல்லுநர் காரல் வைசுமன், ஒரு நாள் தற்கொலை செய்து கொண்டார் என்னும் செய்தி வருகின்றது. அவர் விட்டுச் சென்ற தாள்கட்டுகள் ஆசுட்டினிடம் வந்து சேர்கின்றன. அவரோ அவற்றைப் படியாமல், துருக்கி நாட்டுக் கரத்தெப்பே என்னுமிடத்தில் அகழாய்வுக்குச் செல்கின்றார். அங்கே நிலத்தின் மிக ஆழத்தில், மாந்தர் கட்டியிருக்க இயலாத பெருங்கற்கள் தென்படுகின்றன. உலகச் செய்தித்தாள்கள் அனைத்தும் அதனையே பேசுகின்றன.

பின்னரே ஆசுட்டின் நண்பரின் தாள்களைப் படிக்கின்றார். மாந்தரின் உள்ளத்துள், நினைவுக்கும் அடியிலுள்ள ஆழத்தில், கண்ணுக்குத் தெரியாத உயிரிகள் உறைகின்றன. அவை மாந்தரின் உயிராற்றலை உறிஞ்சுகின்றன. ஓர் எண்ணம் கூர்மையுற்று எழும்பொழுதெல்லாம் அதனைக் கலைத்துச் சோர்வையும் சலிப்பையும் ஊட்டுகின்றன என்று வைசுமன் எழுதி வைத்திருந்தார். ஏறத்தாழ 1780-ஐ ஒட்டி அவை மாந்தர்மேற் படையெடுத்தன என்பதும் அவர் முடிவு. அதற்கு முன் கலைகளில் மகிழ்ச்சியும் நம்பிக்கையும் ததும்பின. அதன்பின் பாவலரும் கலைஞரும் உளம் நொந்து இளமையிலேயே மாய்ந்தனர் என்று சான்று காட்டியிருந்தார்.

அப்பொழுதுதான் ஆசுட்டினுக்கு ஒன்று விளங்குகின்றது. கரத்தெப்பேயில் கிடைத்த வியப்பே ஒட்டுண்ணிகளின் சூழ்ச்சி! மாந்தரின் நோக்கு உள்நோக்கித் திரும்பிவிடாதவாறு, அதனை வெளியே ஓரிடத்திற் கட்டி வைப்பதற்காக விரிக்கப்பட்ட வலை அது. உலகம் முழுவதும் கற்களை வியந்து கொண்டிருக்க, தின்போர் தின்று கொண்டிருந்தனர்.

அவ்வுண்ணிகளை எதிர்க்கக் கதையில் கையாளப்படும் கருவியும் எண்ணத் தக்கது. வாளும் நஞ்சும் அங்கே பயன்படவில்லை. செருமானிய மொழியில் எழுதிய மெய்ப்பொருளறிஞர் எட்மண்டு உசர்ல் (1859–1938) வகுத்த வழியே கருவியாயிற்று. மாந்தன் காண்பது கண்ணில் வந்து விழுவதன்று. உள்ளம் கைநீட்டிப் பற்றுவதே காட்சி என்பது அவ்வழியின் அடிப்படை. கைநீட்டாத உள்ளத்தின் முன் உலகமே வந்து நின்றாலும் ஒன்றும் பதியாது. தன் உள்ளம் எங்குக் கைநீட்டுகின்றது என்பதைத் தானே கண்காணிக்கப் பழகியவரை ஒட்டுண்ணிகளால் எளிதில் வெல்ல இயலவில்லை. முதற் போரில் பலர் மாண்டனர், எஞ்சியோர் தேறினர். அவர்கள் விண்கலமேறி நிலவுலகினின்று அகல அகல, ஒட்டுண்ணிகள் கலங்கி வலுவிழந்தன. தம் உள்ளத்தின் முழு ஆற்றலையும் அவர்கள் அதன்பின்னரே கண்டனர்.

விறுவிறுப்பான கதை. கண்காணிப்பே மருந்து என்னும் அதன் மையக் கருத்து மெய்யானது. ஆனால் அக்கதைக்குள் ஒரு குழியும் உண்டு.

பழி யார்மேல்?

1780-க்குப் பின் வந்த தலைமுறையின் ஆங்கிலப் பாவலர் மூவரை எடுத்துக் கொள்ளலாம். கீட்சு 1821-இல் உரோமை நகரில் இருபத்தைந்தாம் அகவையில் இறந்தார். செல்லி 1822-இல் இத்தாலியக் கடலில் படகு மூழ்கி இருபத்தொன்பதாம் அகவையில் இறந்தார். பைரன் 1824-இல் கிரேக்கத்து மிசோலோங்கியில் காய்ச்சலுற்று முப்பத்தாறாம் அகவையில் இறந்தார். மூவரும் இளைஞர், மூவரும் பெரும் பாவலர். உள்ளத்து ஒட்டுண்ணி ஒன்று இவர்களைத் தின்றதென்று கதை கட்டினால் கேட்க நன்றாகத்தான் இருக்கும்.

ஆனால் நிகழ்ந்தது என்ன? கீட்சைக் கொன்றது எலும்புருக்கி நோய். அவருடைய தாயும் தம்பி தாமும் அதே நோயால் முன்னரே மாண்டிருந்தனர். தம்பியின் நோய்ப்படுக்கையருகே இருந்து பேணியவர் கீட்சு. மருத்துவமும் பயின்றவர், தாம் இருமிய குருதியின் நிறங்கண்டே தம் முடிவை உணர்ந்தவர். அந்நோயின் நுண்ணுயிரை 1882-இல் செருமானிய மருத்துவர் இராபர்ட்டு கோக் அடையாளங் காட்டினார். கீட்சு இறந்து அறுபத்தோராண்டுகள் கழித்தே கொலையாளி பிடிபட்டது. அது கண்ணுக்குத் தெரியாத உயிரிதான், ஒட்டுண்ணிதான். ஆனால் அஃது உள்ளத்தில் உறையவில்லை, நுரையீரலில் உறைந்தது. அதனைக் காணக் கதை உதவவில்லை, உருப்பெருக்கியே உதவியது.

புனைவில் உள்ள குழி இதுதான். இல்லாத உண்ணியைக் காட்டி, இருக்கும் உண்ணியை அது மறைத்துவிடும். 'எல்லாம் அதனால் வந்தது' என்று ஒரு பெயரைச் சொல்லிவிட்டால், தேடுவது நின்றுவிடும். வில்சன் கதையில் கரத்தெப்பேக் கற்கள் செய்த வேலையை, கதைக்கு வெளியே நினைவுண்ணி என்னும் புனைவே செய்துவிடக் கூடும்!

மெய்யான ஒட்டுண்ணிகள்

அங்ஙனமாயின், பிறிதோர் உயிரின் உள்ளத்தை ஆட்டிவைக்கும் உயிரி எதுவுமே இல்லையா எனின், உண்டு. புனைவை விட அவற்றின் மெய்க்கதை வியப்பானது.

ஆடு மாடுகளின் ஈரலில் வாழும் சிறு தட்டைப்புழு ஒன்று உண்டு. அதன் முட்டை சாணத்தில் வெளிப்படும். அதனை நத்தை தின்னும்; நத்தையின் சளியுருண்டையினின்று எறும்புக்குச் செல்லும். எறும்பின் உடலினின்று மீண்டும் மாட்டின் வயிற்றுக்குச் செல்ல வேண்டும். மாடு எறும்பைத் தேடித் தின்னுமா? ஆகலின் பல புழுக்களுள் ஒன்று எறும்பின் உணவுக்குழலுக்குக் கீழுள்ள நரம்பு முடிச்சிற் சென்று தங்குகின்றது. அதன்பின் மாலை குளிர்ந்தவுடன் அவ்வெறும்பு புற்றுக்குத் திரும்பாமல் புல்லின் நுனிக்கு ஏறி, வாயால் இறுகக் கவ்விக் கொண்டு அசையாமல் நிற்கும். மேய வரும் மாடு புல்லோடு எறும்பையும் விழுங்கும். எந்த மாடும் வாராவிடின், வெயில் ஏறியதும் எறும்பு இறங்கிச் சென்று வழக்கமான வேலையைப் பார்க்கும். மாலை வந்தால் மீண்டும் புல் நுனி!

பூனையின் குடலில் மட்டுமே தன் இனப்பெருக்கத்தை நிறைவு செய்யும் 'தாக்சோபிளாசுமா' என்னும் ஓரணு உயிரி, இடையில் எலியின் மூளையிலும் தங்கும். அவ்வெலிகள் பூனையின் நாற்றத்துக்கு அஞ்சும் இயல்பில் குன்றின. சில அந்நாற்றத்தை நாடியும் சென்றன என்று 2000-ஆம் ஆண்டில் ஆக்சுபோர்டு ஆய்வாளர் கண்டனர். எறும்புகளைச் செடியில் ஏற்றி, இலை நரம்பைக் கவ்வச் செய்து கொன்று, அதன் தலையினின்று முளைக்கும் காளான் வகையும் உண்டு. அக்காளான் எறும்பின் மூளையைத் தின்று ஆட்டிவைப்பதாகவே பலரும் எண்ணினர். 2017-இல் வெளிவந்த ஆய்வோ, காளானின் இழைகள் உடல் முழுவதும் தசைகளைச் சூழ்ந்து வலைபோற் பின்னியிருந்தன; மூளைக்குள் அவை நுழையவே இல்லை என்று காட்டியது.

இவற்றுள் எதுவும் நினைவை உண்ணவில்லை என்பதைக் கருதுக. புழு இடம் பிடிக்கின்றது. ஓரணு உயிரி அச்சத்தைக் குறைக்கின்றது. காளான் தசையைப் பற்றுகின்றது. புல் ஏறும் எறும்பைத் தடுத்துப் பிடித்துத் தள்ளுவார் எவருமிலர். அது தன் கால்களாலேயே ஏறுகின்றது. அடக்குவோன் வெளியே நின்று அடக்கினால் அடிமைக்கு அது தெரியும். உள்ளிருந்து செலுத்தினால், செலுத்தப்படுவதே தெரியாது.

நினைவு தேய்வது எங்ஙனம்?

அவ்வாறாயின் நினைவை அழிப்பது எது? ஈண்டுதான் இப்பேச்சின் நோக்கம் இல்லந்தோறும் வந்து சேர்கின்றது.

1901-இல் செருமானியப் பிராங்குபர்ட்டு நகர மருத்துவமனையில் அலோய்சு அல்சைமர் என்னும் மருத்துவர் ஐம்பத்தோரு அகவைப் பெண்ணொருவரைக் கண்டார். அவர் பெயர் ஆகசுத்தெ. தம் பெயரை எழுதத் தொடங்கி இடையில் மறந்து நிற்பார். 1906-இல் அவர் இறந்தபின், அவருடைய மூளையை அல்சைமர் உருப்பெருக்கியில் ஆய்ந்தார். நரம்பணுக்களுக்கு இடையே படிவுகளும், அணுக்களுக்குள் சிக்குண்ட இழைகளும் இருக்கக் கண்டு, அவ்வாண்டே அறிஞர் அவையில் எடுத்துரைத்தார். நினைவைத் தின்ற 'உயிரி' அங்கு இல்லை. மூளையில் தோன்றும் புரதங்களே பிறழ்ந்து படிந்திருந்தன.

1953-இல் அமெரிக்காவில் என்றி மொலைசன் என்னும் இளைஞர்க்கு வலிப்பு நோயைத் தீர்க்கும் பொருட்டு மூளையின் இருபுறத்தும் கடற்குதிரை வடிவான பகுதியின் பெரும்பங்கை மருத்துவர் அகற்றினர். வலிப்புக் குறைந்தது. ஆனால் அதன்பின் புதிய நினைவு எதுவும் அவரிடம் தங்கவில்லை. அவரைப் பல பத்தாண்டுகள் ஆய்ந்த பிரெண்டா மில்னர் என்னும் அறிஞரை, அவர் ஒவ்வொரு முறையும் புதியவராகவே வரவேற்றார். ஆயினும் கண்ணாடியில் பார்த்து வரையும் கைத்திறனை நாளடைவிற் கற்றுக் கொண்டார். கற்றதை மட்டும் அறியார். 2008-இல் எண்பத்திரண்டாம் அகவையில் அவர் மறைந்தார். நினைவு என்பது ஒரே பெட்டியில் வைத்த ஒரே பொருளன்று. ஒரு வழி மூடினாலும் மற்றொரு வழி திறந்திருக்கக் கூடும் என்பதை உலகம் அவரால் அறிந்தது.

இவற்றை எல்லாம் சொல்வது ஏன்? மறதியுற்ற முதியோரைப் 'பேய் பிடித்தது' என்றும் 'எவரோ ஏவிவிட்டனர்' என்றும் சொல்லி, மந்திரிப்பாரிடம் இழுத்துச் செல்லும் வழக்கம் ஊர்களில் இன்னும் அற்றுப் போகவில்லை. பேய் என்பதும் ஒரு நினைவுண்ணிப் புனைவே. பெற்ற மகனைப் பார்த்து 'நீ யார்?' என்று கேட்கும் தாய், மகனை வெறுத்துக் கேட்கவில்லை. வேறோர் ஆவி அவர் வாயினின்று பேசவுமில்லை. நோய் பேசுகின்றது. அடியும் புகையும் பட்டினியும் அந்நோய்க்கு மருந்தாகா. பழகிய அறை, பழகிய குரல், பழகிய பாட்டு, பொறுமையான கை இவையே அவருக்குத் துணை.

மேலும், மறதி எல்லாம் தீராத மறதியன்று. உயிர்ச்சத்து பி12 குறைந்தாலும், தைராய்டு எனப்படும் கேடயச் சுரப்பி சோர்ந்தாலும் நினைவு மங்கும். மருந்தளித்தால் தெளிவு மீளும். பன்றி நாடாப்புழுவின் இளம்புழு மூளையிற் சென்று பைகட்டித் தங்குவதும் உண்டு. மூளைக்குள் மெய்யாகவே ஒரு புழு! அதனால் வலிப்பு வரும்; அதுவும் மருத்துவத்திற்கு உட்பட்டதே. அவ்வலிப்பைக் கண்டும் 'பேய்' என்றே விரட்டுவார் உளர். இல்லாத பேயை விரட்டுகின்ற வரையில், இருக்கின்ற புழு இருந்து கொண்டேயிருக்கும். மருத்துவரிடம் செல்லாமற் கழிந்த ஒவ்வொரு திங்களும் அப்புழுவுக்குக் கிடைத்த விருந்தே.

ஏடும் செல்லும்

ஒருவர் மறப்பது நோய். ஊரே மறந்தால்?

வில்சனின் புதினம் வந்த அதே 1967-இல் கொலம்பிய நாட்டு எழுத்தாளர் காபிரியேல் கார்சியா மார்க்கேசின் 'தனிமையின் நூறு ஆண்டுகள்' வெளிவந்தது. அதில் மக்கோந்தோ என்னும் ஊரைத் தூக்கமின்மை நோய் பற்றுகின்றது. பின்னர் அது மறதி நோயாகின்றது. ஊரார் பொருள்களின் பெயர்களை மறக்கத் தொடங்குகின்றனர். மேசை, நாற்காலி, கதவு என ஒவ்வொன்றின்மேலும் மையால் பெயர் எழுதி வைக்கின்றனர். பின்னர்ப் பெயர் தெரிந்தும் பயன் மறந்து போகுமே என அஞ்சி, பசுவின் கழுத்தில் அதனைக் கறக்க வேண்டும் என்பதையும் எழுதித் தொங்க விடுகின்றனர். ஆனால் எழுத்தின் ஒலியையே மறந்து விட்டால்? அங்கே அவர்களின் கலை முடிந்து விடுகின்றது. அயலூரிலிருந்து வந்த நாடோடி ஒருவன் தந்த மருந்தே அவர்களை மீட்கின்றது.

பெயர்ச்சீட்டு நினைவன்று, நினைவுக்கு ஒரு கைத்தடி. எழுதி வைத்ததனால் மட்டும் எதுவும் பிழைத்திருப்பதில்லை; எழுதியதை எடுத்துப் படிப்பார் வேண்டும். இதற்குத் தமிழர் தொலைவிற் சென்று சான்று தேட வேண்டியதில்லை. மெய்யாகவே நினைவை உண்ட உயிரி ஒன்று தமிழ்நாட்டு வீடுகளில் உண்டு. அதன் பெயர் செல். சிதல் என்றும் கறையான் என்றும் சொல்வர்.

பனையோலை ஏடு சில நூற்றாண்டுகளே தாங்கும். அதனை அறிந்த முன்னோர், பழைய ஏடு நைவதற்கு முன் புதிய ஏட்டிற் பெயர்த்தெழுதி வந்தனர். அக்கையோட்டம் நடந்த வரையிற் செல்லால் ஒரு நூலையும் முற்றாக அழிக்க இயலவில்லை. ஓர் ஏட்டைத் தின்றால் மற்றோர் ஏடு இருந்தது. பெயர்த்தெழுதுவாரும் படிப்பாரும் அருகியபின், பரண்மேற் கிடந்த ஏடு செல்லுக்கு இரையாயிற்று. பழைய ஏடுகளை ஆடிப்பெருக்கில் ஆற்றில் விட்டாரும் உண்டு. யாழ்ப்பாணத்துச் சிறுப்பிட்டியிற் பிறந்த சி. வை. தாமோதரம் பிள்ளை (1832–1901) 1887-இல் கலித்தொகையை அச்சேற்றியபொழுது, தொட்டால் உதிரும் ஏடுகளின் நிலையைப் பதிப்புரையில் நொந்து எழுதினார். அதே ஆண்டில் உ. வே. சாமிநாதையர் (1855–1942) சீவக சிந்தாமணியை வெளியிட்டார். 1894-இல் புறநானூற்றை வெளியிட்டார். அவர்கள் செல்லைச் சினந்து கொண்டு இருந்துவிடவில்லை. ஊர் ஊராய்த் தேடினர், ஒப்பு நோக்கினர், பெயர்த்தெழுதினர், அச்சிட்டனர்.

செல் எந்த ஏட்டையும் படிப்பாரின் கையினின்று பறித்துத் தின்றதில்லை. கைவிட்ட ஏட்டையே தின்றது. முதலில் மறந்தவன் மாந்தன். பின்னர் உண்டது செல். மறதி முன்னே செல்ல, செல் பின்னே சென்றது என்பதே உண்மை வரிசை.

பணிக்கப்பட்ட ஒட்டுண்ணி

இறுதியாக ஓர் அறிவியற் செய்தி. நிலைத்த நினைவு உருவாவதற்கு மூளையில் 'ஆர்க்கு' என்னும் புரதம் தேவை. அதற்குரிய மரபணு நீக்கப்பட்ட எலிகள் ஒன்றைக் கற்றாலும் நெடுநாள் நினைவில் வைப்பதில்லை என்று 2006-இல் கண்டனர். 2018-இல் இரண்டு ஆய்வுக் குழுவினர் அப்புரதத்தை உற்று நோக்கினர். அது நச்சுயிரியின் ஓடு போன்ற சிறு கூடுகளைக் கட்டி, அதனுள் மரபுச் செய்தியை வைத்து, ஒரு நரம்பணுவினின்று மற்றோர் அணுவுக்கு அனுப்புகின்றது என்பது புலனாயிற்று. அம்மரபணுவின் தோற்றமோ, பல கோடி ஆண்டுகளுக்கு முன் உயிரிகளின் மரபுத் தொகுதிக்குள் புகுந்து தன்னைத் தானே படியெடுத்துப் பரவிய ஒட்டுண்ணிக் கூறு ஒன்றினின்று வந்தது.

நினைவை உண்ணும் ஒட்டுண்ணியைத் தேடிச் சென்றவர்க்கு, நினைவை ஆக்கும் வேலையில் அமர்த்தப்பட்ட பழைய ஒட்டுண்ணியே கிடைத்தது! எனினும், புகுந்ததெல்லாம் நன்மையாகும் என்று இதனால் முடிவு கட்டிவிடக் கூடாது. புகுந்தவற்றுட் பெரும்பாலானவற்றை உடல் அடக்கி வைத்திருக்கின்றது. ஏதோ ஒன்றினைத் தன் வேலைக்குப் பணித்துக் கொண்டது. ஆண்டது உடல், ஆளப்பட்டது ஒட்டுண்ணி. இம்முறை மாறினால் நேர்வது என்ன என்பதைப் புல் நுனியில் நிற்கும் எறும்பு சொல்லும்.

மருந்து

அவையோரே! நினைவுண்ணி என்றோர் உயிரி இல்லை. ஆனால் உண்ணியின் இலக்கணம் உண்மை. உணர்வு மழுங்கிய இடத்தில் அது கடிக்கின்றது; கடித்த இடத்தை மேலும் மழுக்குகின்றது. ஆகலின் அதற்கு எதிரான முதற் கருவி, தொட்டுப் பார்க்கும் கை.

வீட்டிலுள்ள முதியவரின் நினைவு மங்கினால், பேயின்மேற் பழி போடாமல் மருத்துவரிடம் அழைத்துச் செல்க. அவர் நினைவு தெளிவாயிருக்கும்பொழுதே அவரருகே அமர்ந்து, ஊரின் பழம்பெயர்களையும் பயிரின் பெயர்களையும் பாட்டையும் கேட்டு எழுதிக் கொள்க. எழுதியதைப் பெட்டியிற் பூட்டாமல் பிள்ளைகளுக்குப் படித்துக் காட்டுக. நாள் முடிவில், உள்ளம் இன்று எங்கெங்குக் கைநீட்டியது, எவ்வெவற்றை வியந்து எதனைப் பாராமல் விட்டது என்று ஒரு நாழிகை எண்ணிப் பார்க்க. எளிய செயல்கள்தாம் இவை. ஆனால் எவராலும் வேறொருவர்க்காகச் செய்து தர இயலாதவை.

மாலையில் ஆ தொழுவுக்குத் திரும்பியதும், உழவர் வீட்டு மூதாட்டி அதன் காதுமடலைப் புரட்டுவார். அடிவயிற்றையும் வாலடியையும் தடவிப் பார்ப்பார். தட்டுப்பட்ட உண்ணியைக் கிள்ளி எடுத்து நெருப்பிற் போடுவார். உண்ணியை அவர் திட்டுவதில்லை, அதற்கு அஞ்சுவதுமில்லை. நேற்றுப் பார்த்தோமே என்று இன்று விடுவதுமில்லை. நாள்தோறும் தடவிப் பார்க்கும் அக்கை இருக்கும் தொழுவில் உண்ணி பருப்பதில்லை.

அக்கை ஒவ்வோர் உள்ளத்துக்கும் வேண்டும்.